கீழவையில் ஓர் எருமை

வெள்ளந்திப்பட்டி என்று ஓர் ஊர் உண்டு. தேடிக்கொண்டு கிளம்பிவிடாதீர்கள். போனால், வெள்ளந்திப்பட்டிக்கு எப்படிப் போவது என்று அந்த ஊர்க்காரர்கள் உங்களிடமே கேட்பார்கள்.

அந்த ஊர்ப் பூவலிங்கத்தின் எருமை அல்லி, ஒரு செவ்வாய்க்கிழமை காலை குழிக்குள் இறங்கிவிட்டது. செங்கல் சூளைக்கு மண் வெட்டிய குழி அது. வாய்க்காலை ஒட்டினாற்போல், இரண்டு ஆள் ஆழத்துக்கு, நாலு பக்கமும் செங்குத்தாக இருந்தது. ஓரத்தில் பச்சைப் புல் முளைத்திருந்தது. அல்லி புல்லைத் தின்றுகொண்டே போனது. புல் தீர்ந்த இடத்தில் ஓரமும் தீர்ந்துவிட்டது. அடி எதுவும் படவில்லை. கீழே போய் நின்று, வாயில் இருந்த மிச்சத்தை அசைபோட்டது.

பூவலிங்கத்துக்குத்தான் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அல்லி நிறைசினை. அவன் வீட்டில் அடுப்பு எரிவதே அல்லியின் பாலால்தான். (பாலை ஊற்றினால் அடுப்பு அணைந்துதானே போகும் என்று ஊரில் ஒருவர் கேட்டார். அவரை விட்டுவிடுவோம்.)

“இன்னும் நாலு நாளுதான். குழிக்குள்ள கன்னு போட்டுச்சுன்னா தாயைத் தூக்குறதா, கன்னைத் தூக்குறதா?” என்று அவன் பெண்டாட்டி இருளாயி மூக்கைச் சிந்தினாள்.

அந்த நேரம் பார்த்து மைதீன் பாய் வந்தார். உப்பும் கருவாடும் விற்கிறவர். செவ்வாயும் வெள்ளியும் சைக்கிளில் வருவார். அந்த ஊருக்கு வெளியூரிலிருந்து தவறாமல் வருகிற ஒரே மனிதர் அவர்தான். குழியை எட்டிப் பார்த்துவிட்டு, “இதுக்கா இத்தனை அழுகை? மண்வெட்டிய எடு பூவலிங்கம். ஒரு பக்கம் சரிவா வெட்டி விடு. அது பாட்டுக்கு ஏறி வந்துடும்” என்றார்.

பூவலிங்கம் ஓடிப்போய் மண்வெட்டியோடு வந்தான். அவன் முதல் வெட்டுக்கு ஓங்கியபோது, “நிறுத்து!” என்று ஒரு குரல் கேட்டது.

குரல் தவசியுடையது. ஊரிலேயே எழுத்துக்கூட்டி வாசிக்கத் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். அதனால் அவர் சொன்னால் மறுபேச்சு கிடையாது. கருவாடு மடித்திருந்த காகிதத்தை அவர் பிரித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரோ பிள்ளையின் பாடப் புத்தகத்துத் தாள். ‘மாநிலச் சட்டமன்றம்: அமைப்பும் பணிகளும்’ என்று தலைப்புப் போட்டிருந்தது.

“மக்-களின் பிரச்-சினை-களை விவா-தித்துச் சட்-டம் இயற்-றுவது சட்ட-மன்-றத்தின் பணி” என்று வாசித்துவிட்டு நிமிர்ந்தார். “பூவலிங்கம், உனக்குப் பிரச்சினை இருக்கா?”

“இருக்குண்ணே. குழிக்குள்ள இருக்கு.”

“அப்போ அது சட்டமன்றத்தோட வேலை. உன் வேலை இல்லை. மண்வெட்டியைக் கீழே போடு.”

பூவலிங்கம் மண்வெட்டியைக் கீழே போட்டான். கீழே என்றால் குழிக்குள். மைதீன் பாய் தலையில் கைவைத்துக்கொண்டு சைக்கிளை நகர்த்தினார். போகிறவரைக் கூப்பிட்டு அவரை ஆளுநர் ஆக்கினார்கள். ஆளுநர் வெளியிலிருந்து வருகிறவர் என்று தாளில் போட்டிருந்ததாம். அவர் மறுக்கவில்லை. அடுத்த ஊரில் கருவாட்டுக்கு ஆள் காத்திருந்தது.

அடுத்து, உறுப்பினர்களைத் தேர்ந்தெடுத்தார்கள். ஊரில் பன்னிரண்டு ஆண்கள் நின்றார்கள். ஆளாளுக்குத் தன் பெயரையே சொல்லி ஓட்டுப் போட்டுக்கொண்டார்கள். பன்னிரண்டு பேரும் சமமாக ஒவ்வோர் ஓட்டு வாங்கியதால் பன்னிரண்டு பேரும் ஜெயித்தார்கள். பெண்களும் ஓட்டுப் போட்டார்கள். ஆனால் ஓட்டு ரகசியமானது என்று தாளில் இருந்ததால் அவர்கள் யாருக்குப் போட்டார்கள் என்று யாரும் கேட்கவில்லை. தச்சர் குருநாதன் மட்டும் எதிலும் கலந்துகொள்ளவில்லை. அவர் ஒரு கட்டிலுக்குக் கால் இழைத்துக்கொண்டிருந்தார்.

தவசி மேலே வாசித்தார். “சில மாநி-லங்-களில் ஓர் அவை. சில மாநி-லங்-களில் மேல-வை, கீழ-வை என இரண்-டு.”

“நமக்கு எத்தனைண்ணே?”

“நம்ம ஊர்ல மேலேயும் இருக்கு, கீழேயும் இருக்கு. அப்போ ரெண்டுதான்.”

கீழவைக்குக் கீழான இடம் வெள்ளந்திப்பட்டியில் அந்தக் குழி ஒன்றுதான். பிரச்சினையும் அங்கேதான் இருந்தது. குருநாதன் வீட்டு ஏணியை வாங்கிவந்து சாத்தி, பன்னிரண்டு உறுப்பினர்களும் மரியாதையாக வரிசையில் இறங்கினார்கள். பெண்கள் இறங்க மறுத்துவிட்டார்கள். ஆகவே அவர்கள் மேலவை. குழியின் விளிம்பில் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்தார்கள். இருளாயி அவர்களுக்குத் தலைவி. கீழே தவசி சபாநாயகர்.

எதிர்க்கட்சி யார் என்பதில் முதல் தகராறு வந்தது.

“மாமா, நீங்க எனக்கு எதிரே உட்கார்ந்திருக்கீங்க. நீங்கதான் எதிர்க்கட்சி” என்றான் பூவலிங்கம்.

மாமா பெரியகருப்பு அப்படி லேசில் விடுகிறவர் அல்ல. இறங்கியதும் கிடந்த மண்வெட்டி மேல் இடம்பிடித்து உட்கார்ந்தவர், எழுந்திருக்கவே இல்லை. “நீயும்தான் மாப்ளே எனக்கு எதிரே இருக்கே. அப்போ நீ யாரு?”

இருவர் சொல்வதும் சரியாக இருந்தது. கடைசியில் நடுவில் நின்ற அல்லியை வைத்து முடிவு செய்தார்கள். எருமையின் தலைப்பக்கம் இருக்கிறவர்கள் ஆளுங்கட்சி. வால்பக்கம் இருக்கிறவர்கள் எதிர்க்கட்சி. தலைப்பக்கம் இருந்த பூவலிங்கம் முதலமைச்சர் ஆனான். மத்தியானம் வெயில் ஏறியதும் அல்லி திரும்பிப் படுத்தது. ஆட்சி மாறியது. பெரியகருப்பு உட்கார்ந்த இடத்திலேயே முதலமைச்சர் ஆனார்.

பிறகு கேள்வி நேரம் தொடங்கியது.

“அல்லி எப்படிக் குழிக்குள்ள வந்துச்சு?” என்று ஒருவர் கேட்டார்.

“அது ஏன் புல்லு திங்கப் போச்சு?” என்று அடுத்தவர் கேட்டார்.

“புல்லு ஏன் ஓரத்துல முளைச்சுது?”

“அல்லியை எப்படிண்ணே மேலே ஏத்துறது?” என்று பூவலிங்கம் அடிவயிற்றிலிருந்து கேட்டான். அவன் ஒருவன்தான் உண்மையிலேயே தெரிந்துகொள்ள வேண்டும் என்று கேட்டவன்.

“நல்ல கேள்வி” என்றார் தவசி. “அடுத்த கேள்வி.”

“அண்ணே, பதிலு?”

“கேள்வி நேரம்னுதான் போட்டிருக்கு. பதில் நேரம்னு எங்கேயும் இல்லை.”

அன்று நூற்றுப்பதினான்கு கேள்விகள் கேட்கப்பட்டன. எல்லாம் நல்ல கேள்விகள்.

புதன்கிழமை தவசி தாளில் ஒரு சிக்கலைக் கண்டுபிடித்தார். மொத்த உறுப்பினர்களில் பத்தில் ஒரு பங்கு இருந்தால்தான் அவை நடக்குமாம்.

“நாம பன்னெண்டு பேரு. பத்துப் பேருக்கு ஒரு ஆளு. மிச்சம் ரெண்டு பேருக்கு?” என்று பெரியகருப்பு யோசித்தார்.

“ரெண்டு பேருக்கு ஒரு முழு ஆளு அதிகம். கால் போதும்.”

“அப்போ ஒண்ணேகால்.”

கணக்கு முடிந்தது. அவையில் இருக்க வேண்டியது ஓர் ஆளும் ஒரு காலும். மற்றவர்கள் இல்லாமல் போக வேண்டும். குழிக்குள் இல்லாமல் போக இடம் இல்லாததால், சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றார்கள். தவசி முழு ஆளாக நடுவில் உட்கார்ந்தார். பெரியகருப்பு மண்வெட்டியில் உட்கார்ந்து சுவரைப் பார்த்தபடியே ஒரு காலை மட்டும் பின்பக்கமாக அவைக்குள் நீட்டினார். அரை மணி நேரம் சபை அமைதியாக நடந்தது. அதற்குள் கால் மரத்துப் போய்விட்டது. மரத்துப் போன காலை இருப்பதாகக் கணக்கில் எடுக்கலாமா என்று கேள்வி எழுந்தது. கிள்ளிப் பார்த்தார்கள். அவருக்குத் தெரியவில்லை. காலே இல்லை என்று தீர்ப்புச் சொல்லி, அன்றைய சபையை முடித்தார்கள்.

பூவலிங்கம் அல்லியின் பக்கத்தில் போய் உட்கார்ந்து வயிற்றில் கைவைத்துப் பார்த்தான். உள்ளே கன்று புரண்டது. மடி இறங்கியிருந்தது. அவனுக்குப் பயமாக இருந்தது. “அண்ணே, பேசினது போதும். சட்டத்தைச் செஞ்சிடுங்க” என்று கெஞ்சினான்.

“சட்டம் செய்யணும்னா குருநாதனைக் கூப்பிடு. அவர்தானே இந்த ஊர்ல கதவுக்கும் ஜன்னலுக்கும் சட்டம் செய்யறவரு” என்றார் பெரியகருப்பு. இத்தனை பெரிய சபையில் இது யாருக்கும் தோன்றவில்லையே என்று எல்லோரும் வெட்கப்பட்டார்கள்.

குருநாதன் விளிம்புக்கு வந்து எட்டிப் பார்த்தார். “என்ன அளவு?”

“எருமை அளவு.”

“நல்லாச் செஞ்சிடலாம். நேரான மரம் வேணுமே.”

“எது நேரா இருக்கோ அதை எடுத்துக்க.”

குழிப் பக்கத்தில் நேராக இருந்தது ஏணி ஒன்றுதான். குருநாதன் அதை மேலே இழுத்துக்கொண்டு போனார். சாயங்காலம் அழகான மரச்சட்டம் ஒன்றைக் கயிற்றில் கட்டி இறக்கினார். நாலு மூலையும் கச்சிதம். அதைத் தூக்கிப் பிடித்து, அதன் வழியாக எல்லோரும் அல்லியைப் பார்த்தார்கள்.

“எருமை சட்டத்துக்கு உட்பட்டு இருக்கு” என்றார் தவசி மனநிறைவோடு.

இன்னும் உட்படட்டும் என்று கழுத்தில் மாட்டினார்கள். அல்லி தலையை ஓர் உதறு உதறியது. சட்டம் சுவரில் மோதி நாலு துண்டாகியது. சட்டத்தை மீறினால் என்ன தண்டனை என்று தாளில் தேடினார்கள். அந்த இடம் கிழிந்துபோயிருந்தது. யாரோ ஏணியை நினைத்துக்கொண்டு, “நாம எப்படி மேலே போறது?” என்று கேட்டார். கேள்வி நேரம் முந்தின நாளே முடிந்துவிட்டதால் அதை யாரும் பதிவு செய்யவில்லை.

அவ்வளவு நல்ல சட்டம் உடைந்ததைக் கண்டித்து எதிர்க்கட்சி வெளிநடப்புச் செய்தது. அன்றைக்கு வால்பக்கம் இருந்தவர்கள் ஆறு பேர். வெளியே போக வழி இல்லாததால் குழிக்குள்ளேயே சுற்றிச் சுற்றி நடந்தார்கள். எருமையைச் சுற்றி நாற்பது சுற்று. தலைப்பக்கம் வரும்போதெல்லாம் ஆளுங்கட்சி ஆகி, தாங்கள் செய்த வெளிநடப்பைத் தாங்களே கண்டித்துவிட்டு மறுபடி வால்பக்கம் போனார்கள்.

வியாழக்கிழமை வேறு வழியில்லாமல் மசோதாவை எழுத்தில் கொண்டுவந்தார்கள். மேலவை கூடையில் இறக்கிய கஞ்சியோடு ஒரு வாழை இலையும் வந்தது. ‘குழிக்குள் இருக்கும் அல்லி உடனே மேலே வரவேண்டும்’ என்று தவசி குச்சியால் அதில் கீறினார். விதிப்படி மூன்று தடவை வாசித்தார். மூன்று தடவையும் அல்லியின் காதருகே போய் வாசித்தார். பிறகு வாக்கெடுப்பு நடந்தது.

“ஏற்போர் ‘ஆம்’ என்க. மறுப்போர் ‘இல்லை’ என்க.”

பூவலிங்கம் தொண்டை கிழிய “ஆம்” என்றான். மற்றவர்கள், எதற்கு ‘ஆம்’ சொல்ல வேண்டும், எதற்கு ‘இல்லை’ சொல்ல வேண்டும் என்று மறந்துபோய் இரண்டையும் சொன்னார்கள். எது அதிகம் என்று தவசிக்குப் பிடிபடவில்லை. அந்த நேரத்தில் அல்லி கழுத்தை நீட்டி, “ம்ம்ம்ஆஆம்” என்று குழி அதிரக் கத்தியது. மசோதா பெரும்பான்மையோடு நிறைவேறியது.

இலை கூடையில் மேலே போனது. பூவலிங்கத்துக்கு மூன்று நாளில் முதல் தடவையாக மூச்சு வந்தது. மேலவையில் இருக்கிறவள் அவன் பெண்டாட்டிதானே.

“சட்டுன்னு நிறைவேத்திடு இருளாயி!” என்று கத்தினான்.

தவசி தாளைப் பார்த்துத் தன் கடமையைச் செய்தார். “மேலவை ஒரு மசோ-தாவை மூன்று மா-தம் வரை வைத்-திருக்-கலாம்.”

மேலே குசுகுசுவென்று பேச்சுக் கேட்டது. பிறகு இருளாயியின் தலை தெரிந்தது. “மூணு மாசம் வெச்சிருக்கணுமாங்க. வெச்சிக்கிட்டோம்.”

“அடியே, அல்லி நாளைக்கோ மறுநாளோ கன்னு போட்டுடும்டி!”

“எனக்குத் தெரியாதா? நான் கழுவி, குளிப்பாட்டி வளர்த்த எருமை. என் வயிறு மட்டும் பத்தி எரியலையா?” என்று இருளாயி அழுதாள். அழுதுகொண்டே இலையை ஈரத்துணியில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டாள். மூன்று மாதத்துக்குள் வாடிப்போய்விடக் கூடாதே.

வெள்ளிக்கிழமை அல்லிக்கு நிலைகொள்ளவில்லை. படுத்தது, எழுந்தது, மறுபடி படுத்தது. அரை மணிக்குள் ஐந்து தடவை ஆட்சி மாறியது. பூவலிங்கம் அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டு தேம்பினான்.

மைதீன் பாய் சைக்கிளை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார். “யா அல்லா! எல்லாரும் உள்ளே என்னப்பா பண்றீங்க?”

“சபை நடக்குது பாய்.”

“ஏணி எங்கே?”

“சட்டமாயிடுச்சு.”

“செவ்வாக்கிழமை பார்த்த மண்வெட்டி?”

“பெரியகருப்பு மாமா உட்கார்ந்திருக்காரு.”

பாய்க்குப் பொறுமை போய்விட்டது. “நான்தானே உங்க ஆளுநரு? சபையைக் கலைச்சாச்சு! அந்த மண்வெட்டியை எடுத்து வழி வெட்டிக்கிட்டு வெளியே வாங்கய்யா!”

“இருங்க பாய். முறைப்படி கலைக்காம எப்படி வர்றது?” தவசி தாளை வெளிச்சத்தில் பிடித்தார். “ஆளு-நர் அவையைக் க… அடடா, நடுவுல கருவாட்டு எண்ணெய். ‘கலைக்கலாம்’னு இருக்கா, ‘கரைக்கலாம்’னு இருக்கா?”

சபை யோசித்தது. பெரியகருப்பு தொண்டையைச் செருமினார். “கலைக்கிறதுன்னா ஆளுக்கொரு பக்கம் விரட்டுறது. இங்கே விரட்டினா எங்கே போறது? நாலு பக்கமும் சுவரு. அதனால கரைக்கிறதாத்தான் இருக்கணும்.”

இதை மறுத்துப் பேச யாராலும் முடியவில்லை. மேலே இருந்த குருநாதன் பாய் பக்கம் திரும்பினார். “நீங்க உப்புக்காரரு. கரைக்கிற சமாச்சாரம் உங்களுக்குத்தான் தெரியும். எப்படிக் கரைக்கிறது?”

“தண்ணி ஊத்தினா கரையும். ஏன்யா…” என்று ஆரம்பித்த பாய் வாய்க்காலைப் பார்த்தார். குழியைப் பார்த்தார். எருமையைப் பார்த்தார். பேச்சை விட்டுவிட்டு வாய்க்கால் மடையைக் கைகாட்டினார்.

“மேலவையும் கரையணுமாண்ணே?” என்று இருளாயி புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு கேட்டாள்.

“மேலவை நிரந்-தர-மானது. கலைக்க முடி-யாது” என்று தவசி வாசித்தார். “நீங்க தள்ளி நில்லுங்க.”

குருநாதன் வாய்க்கால் மடையைத் திறந்துவிட்டார். தண்ணீர் குபுகுபுவென்று கீழவைக்குள் இறங்கியது. முழங்கால், இடுப்பு, மார்பு என்று ஏறியது. உறுப்பினர்கள் கரையப்போகிறோம் என்று கண்ணை இறுக்க மூடிக்கொண்டு, ஒருவர் கொம்பையும் ஒருவர் வாலையும், மற்றவர்கள் ஒருவரையொருவருமாகப் பிடித்துக்கொண்டார்கள். அல்லிக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது. தண்ணீரோடு தண்ணீராக மிதந்து மேலே வந்து, விளிம்பில் முன்னங்காலை ஊன்றி, பன்னிரண்டு பேரையும் கொத்தாகக் கரையில் இழுத்துப் போட்டது.

“கரைஞ்சிட்டோமா?” என்று கண்ணைத் திறக்காமலே பெரியகருப்பு கேட்டார்.

தவசி எல்லோரையும் தடவிப் பார்த்தார். “உடம்புல இருந்த மண்ணு கரைஞ்சிருக்கு. மிச்சம் நாமதான்.”

பூவலிங்கம் சிரித்தான், அழுதான், அல்லியின் நெற்றியில் முத்தம் கொடுத்தான். கயிற்றைப் பிடித்து வீட்டுக்குத் திரும்பினான்.

“நில்லு” என்றார் தவசி. “மசோதா இன்னும் இருளாயி மடியில இருக்கு. சட்டம் வரலை. அல்லி மட்டும் எப்படி மேலே வந்துச்சு? இது செல்லாது. திரும்ப உள்ளே விட்டுடு.”

அல்லிக்கு வலி கண்டுவிட்டது என்பது அதன் முதுகு வளைவதிலேயே தெரிந்தது. பூவலிங்கம் கயிற்றைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றிக்கொண்டான். அவன் பிறந்ததிலிருந்து யாரையும் எதிர்த்துப் பேசியதில்லை. ஆனாலும் கேட்டான்.

“அண்ணே, கீழவையில இருந்து மேலவைக்கு வர்றதுக்குப் பேரு என்ன?”

“மசோதா.”

“அல்லி எங்கே இருந்து எங்கே வந்திருக்கு?”

தவசி குழியைப் பார்த்தார். விளிம்பில் நின்ற பெண்களைப் பார்த்தார். நடுவில் நனைந்து நின்ற எருமையைப் பார்த்தார். அவர் முகம் மெல்ல மெல்ல மலர்ந்தது.

“அட, ஆமாம்! அல்லிதான்டா மசோதா! கீழவையில நிறைவேறி மேலவைக்கு வந்திருக்கு!”

இருளாயி சந்தோஷத்தில் மடியைத் தளர்த்தினாள். இலை கீழே விழுந்தது. அல்லி அதை ஒரே வாயில் தின்றது. பழைய மசோதா புதிய மசோதாவுக்குள் போய்விட்டதால் அந்தச் சிக்கலும் தீர்ந்தது. ஆளுநர் ஒப்புதல்தான் பாக்கி. மைதீன் பாய் பெருவிரலைச் சைக்கிள் சங்கிலி மசியில் தோய்த்து, அல்லியின் தொடையில் அழுத்தி வைத்தார். கறுப்பு எருமையில் கறுப்பு மசி. தெரியவில்லை என்றாலும் எல்லோரும் பார்த்தோம் என்றார்கள்.

பாய் விரலை எடுக்கவும் அல்லி படுக்கவும் சரியாக இருந்தது. கொஞ்ச நேரத்தில், அத்தனை பேர் முன்னிலையிலும், வழவழவென்று ஒரு கிடாரிக் கன்று புல்லில் வந்து விழுந்தது. பூவலிங்கம் மண்டிபோட்டு உட்கார்ந்து அதன் மூக்கைத் துடைத்துவிட்டான். அது தும்மியது. இருளாயிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்தன.

“அனுப்பினது ஒண்ணுதானே?” என்று பெரியகருப்பு சந்தேகப்பட்டார். “இப்போ கூட ஒண்ணு இருக்கே.”

தவசி நனைந்து கூழாகிக்கொண்டிருந்த தாளைக் கடைசியாக ஒரு தடவை பிரித்துப் பார்த்தார். “மேலவையில சேர்க்கிறதுக்குத் திருத்தம்னு பேரு” என்று அறிவித்தார். திருத்தத்தை மசோதா நக்கிக்கொடுத்துக்கொண்டிருந்தது.

மறு மாதம் பக்கத்து ஊர்க்காரர் ஒருவர் சொம்போடு வந்து, பூவலிங்கம் வீட்டு வாசலில் நின்று பால் கேட்டார். பூவலிங்கம் தொழுவத்திலிருந்து தலையை நீட்டினான்.

“கொஞ்சம் பொறுங்க. மசோதாவுக்கு இன்னும் பால் சுரக்கலை. இப்பத்தான் திருத்தத்தை அவுத்து விட்டிருக்கேன்.”